தன்னை நீக்கும் நோட்டீசைத் தானே கொண்டுபோய்க் கொடுத்த தலைவர்

எங்கள் ஊர்ப் பஞ்சாயத்துக் கூட்டம் போல அவ்வளவு சீக்கிரம் முடிகிற கூட்டம் உத்திரமேரூர் வட்டாரத்திலேயே கிடையாது. வாயில் போட்ட பாக்கு ஊறுவதற்குள் மூன்று தீர்மானம் முடிந்துவிடும். அதைத் திறமை என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். கூட்டத்தில் யாரும் உட்கார மாட்டார்கள், அவ்வளவுதான். நின்றுகொண்டே மனிதர்கள் எவ்வளவு நேரம்தான் பேச முடியும்?

அறுபதுகளின் தொடக்கம் அது. புதுச் சட்டப்படி நடந்த தேர்தலில் எங்கள் பெரிய தெருக்காரர்கள் இரண்டு கட்சியாகப் பிரிந்து ஒருவர் காலை ஒருவர் வாரிக்கொண்டார்கள். அந்தச் சந்தடியில் காலனியிலிருந்து நின்றவர் தலைவராக வந்துவிட்டார். பஞ்சாயத்து ஆபீஸ் என்பது ஓடு போட்ட ஓர் அறை. உள்ளே ஒரு மேஜை, ஒரு நாற்காலி, இரண்டு பெஞ்சுகள். நாற்காலி தலைவருக்கு. நேற்றுவரை தங்கள் களத்தில் கூலிக்கு நெல் அடித்த மனிதர் நாற்காலியில் இருக்க, தாங்கள் எதிரே பெஞ்சில் உட்காருவதா என்று பெரிய தெரு மெம்பர்களுக்கு ரோஷம் வந்துவிட்டது. அவரை எழுந்து நிற்கச் சொல்லவும் முடியாது, சட்டம் இருக்கிறது. ஆகவே ஒரு வழி கண்டுபிடித்தார்கள். ஆபீசுக்குள் கால் வைக்காமல் வாசலில் இருந்த புங்கமரத்தடியில் நின்றுகொண்டார்கள்.

தலைவர் உள்ளே இருந்து தீர்மானத்தை உரக்கப் படிப்பார். இவர்கள் வெளியிலிருந்து ஆமாம் போடுவார்கள், அல்லது கத்துவார்கள். முடிந்ததும் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போய்விடுவார்கள். வருகைப் புத்தகத்தில் மட்டும் கையெழுத்துப் போட மாட்டார்கள். உள்ளேயே வராதவன் வந்ததாக எப்படிக் கையெழுத்துப் போடுவது என்று கேட்பார்கள். இதைக் கேட்டுவிட்டு அவர்களே பெருமையாக ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்வார்கள்.

நானும் அந்த மெம்பர்களில் ஒருத்தி. பெண் ஒருத்தி இருக்க வேண்டும் என்று சட்டத்தில் இருந்தது. உபதலைவராக இருந்த என் மாமனார், ஒரு ஓட்டு வெளியே போவானேன் என்று என் பெயரைச் சொல்லிச் சேர்த்துவிட்டார். நான் வாலாஜாபாத்தில் எட்டாவது வரை படித்தவள். கல்யாணமாகி அந்த ஊருக்கு வந்த முதல் மாதத்திலேயே எனக்கு வாய் நீளம் என்று பெயர் வாங்கியாகிவிட்டது. ஆனாலும் கூட்டத்தன்று அந்த வாயைக் கட்டிக்கொண்டு, ஆண்கள் நின்ற மரத்துக்கும் பத்தடி பின்னால், முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு நிற்பேன். எனக்கும் புத்தகத்தில் கையெழுத்துக் கிடையாது.

தலைவரைப் பற்றிச் சொல்ல வேண்டும். நாற்பது வயது இருக்கும். ரோடு போடும் வேலையில் பல வருஷம் மேஸ்திரியாக இருந்தவர். தினமும் காலையில் ஆட்களைக் கூப்பிட்டு மஸ்டர் ரோலில் பதிந்து பதிந்து, தேதி என்றால் அவருக்கு ஒரு பயபக்தி. மற்றவர்கள் சாமிக்குப் பயப்படுவதைப் போல அவர் தேதிக்குப் பயப்படுவார். தலைவரான நாளிலிருந்து அவர் செய்த ஒரே பெரிய குற்றம், எங்கள் வீட்டு ஆண்களை 'ஆண்டே' என்று கூப்பிடுவதை விட்டுவிட்டு 'அய்யா' என்று கூப்பிட ஆரம்பித்ததுதான். மரியாதை குறையவே இல்லை. என் மாமனாருக்கு மட்டும் அந்த 'அய்யா' நெஞ்சில் முள்ளாகத் தைத்தது.

இன்னொன்றும் இருந்தது. காலனிக்கும் பெரிய ரோட்டுக்கும் நடுவே ஏரி உபரி போகிற ஓடை ஒன்று. மழைக்காலம் வந்தால் மார்பளவு தண்ணீர். அதன் மேல் ஒரு சின்னப் பாலம் போட வேண்டும் என்பதுதான் தலைவருக்கு இருந்த ஒரே ஆசை. அலைந்து திரிந்து அனுமதி வாங்கி, இரண்டு பெரிய சிமெண்டுக் குழாய்களையும் வண்டியில் கொண்டுவந்து ஓடைக்கரையில் இறக்கிவிட்டார். அதே குழாய்களின் மேல் என் மாமனாருக்கும் கண். அவருடைய வயலுக்கு வண்டிப்பாதை சரியில்லையாம். தலைவர் போனால் உபதலைவர்தானே அந்த இடத்துக்கு வருவார்.

மாமனார் மேலே ஒரு மனு எழுதிப் போட்டார். மூன்று மாதமாகத் தலைவர் ஒரு கூட்டம்கூட நடத்தவில்லை, வருகைப் புத்தகத்தில் தேவையான கையெழுத்தே இல்லை, வேண்டுமானால் பார்த்துக்கொள்ளுங்கள் என்று. உம்மைப் பதவியிலிருந்து ஏன் நீக்கக் கூடாது என்று கலெக்டர் ஆபீசிலிருந்து தலைவருக்கு நோட்டீஸ் வந்தது. கூட்டம் நடந்தது, மெம்பர்கள் எல்லாரும் மரத்தடியில் நின்றார்கள் என்று தலைவர் உள்ளது உள்ளபடி பதில் எழுதினார். ஒரு பஞ்சாயத்தே மரத்தடியில் நின்றது என்றால் எந்த ஆபீசில் நம்புவார்கள்? மெம்பர்களின் அபிப்பிராயத்தைக் கேட்கத் தாசில்தார் நேரில் வந்து கூட்டம் நடத்துவார் என்று உத்தரவானது.

அந்தக் கூட்டத்துக்கு மெம்பர் ஒவ்வொருவருக்கும் முழுசாக ஏழு நாள் முன்னதாக நோட்டீஸ் கொடுக்க வேண்டும் என்பது சட்டம். தாசில்தார் ஆபீசில் நோட்டீஸ்களைத் தயார் செய்தார்கள். மெம்பர்களுக்குப் போகிற எந்தக் காகிதமும் தலைவர் வழியாகப் போவதுதான் பழக்கம். அந்தப் பழக்கத்தில், யாரைப் பற்றிய கூட்டம் என்றுகூடப் பார்க்காமல், எல்லாவற்றையும் ஒரே கட்டாகக் கட்டி, கையெழுத்தும் தேதியும் வாங்க ஒரு தாளையும் சேர்த்து, தலைவர் பெயருக்கே அனுப்பிவிட்டார்கள். அதாவது, தன்னை நீக்குவதற்கான கூட்டத்துக்குத் தானே ஆள் கூப்பிட வேண்டிய வேலை அவர் தலையில் விழுந்தது.

வேறு யாராக இருந்தாலும் அந்தக் கட்டை அடுப்பில் போட்டிருப்பார்கள். நானாக இருந்தால் நிச்சயம் போட்டிருப்பேன். அவரோ கூட்டத்துக்குப் பத்து நாள் இருக்கும்போது கட்டு வந்த அன்றே குடையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டார். அடுத்த நாள் உச்சிப்பொழுதுக்குள் வரப்பு வரப்பாகப் போய், களம் களமாகப் போய், எல்லாருக்கும் கொடுத்துக் கையெழுத்து வாங்கிவிட்டார். அவரை எதிர்த்தவர்கள் சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டார்களாம். பாக்கி நான் ஒருத்திதான்.

நான் அப்போது ஊரில் இல்லை. என் தங்கையின் தலைப்பிரசவத்துக்காகத் திருமுக்கூடலில் இருந்தேன். தலைவர் எங்கள் வீட்டுக்கு வந்து கேட்டபோது, நாளைக்கு வந்துவிடுவாள் போ என்றார் மாமனார். மறுநாள் கேட்டபோதும் நாளைக்கு என்றார். மூன்றாம் நாளும் அதேதான். எங்கே போயிருக்கிறாள் என்று அந்த ஆளிடம் சொல்வது தனக்கு இழுக்கு என்று அவர் நினைத்தார். கடைசியில், இப்படிக் கொடு, நானே அவளுக்கும் சேர்த்துப் போட்டுவிடுகிறேன் என்று கையை நீட்டினாராம். மெம்பர் கையெழுத்து என்று அச்சடித்திருக்கிறதே என்று தலைவர் கொடுக்கவில்லை. எல்லாருக்கும் ஒரே தேதியைப் போட்டு அனுப்பிவிடு, யார் பார்க்கப் போகிறார்கள் என்று பஞ்சாயத்து கிளார்க்கும் சொல்லிப் பார்த்திருக்கிறார். அதற்கும் மசியவில்லை.

நான் இருக்கிற இடத்தைக் கடைசியில் சொன்னவர் என் வீட்டுக்காரர். அவர் சாப்பிடுவதற்குத் தவிர வேறெதற்கும் வாயைத் திறக்காதவர். வயலில் நின்றவரைத் தலைவர் கேட்க, "திருமுக்கூடல்ல கீறா" என்று இரண்டே வார்த்தை சொல்லிவிட்டு மண்வெட்டியை எடுத்துக்கொண்டாராம். ஐப்பசி மழை. ஏரிகள் நிரம்பி ரோட்டின் மேல் தண்ணீர் போய்க்கொண்டிருந்ததால் பஸ் பாதி வழியோடு நின்றுவிட்டது. மிச்சத் தூரத்தை நடந்தே வந்திருக்கிறார்.

தங்கை வீட்டு முற்றத்தில் கணப்புத் தணலின் மேல் கூடையைக் கவிழ்த்து, குழந்தைத் துணிகளைக் காயவைத்துக்கொண்டிருந்தேன். முழங்கால்வரை சேற்றோடு அவர் வந்து நின்றார். சட்டைக்குள்ளிருந்து, ரப்பர் துணியில் சுற்றியிருந்த காகிதத்தை எடுத்தார். காகிதத்தில் ஒரு சொட்டு ஈரம் இல்லை.

"தாசில்தார் நோட்டீசு கீது சின்னம்மா. வர்ற வியாயக்கெயம கூட்டம். என்ன நீக்கறதப் பத்தி."

அந்த நாளில் நான் அவரிடம் 'நீ' என்றும் பேசாமல், 'நீங்க' என்றும் பேசாமல், ஆளே இல்லாத வாக்கியங்களாகப் பேசிப் பழகியிருந்தேன். 'நீ' என்று சொல்ல எட்டாவது படித்த மனசு இடம் கொடுக்கவில்லை. 'நீங்க' என்று சொல்லத் தைரியம் இல்லை. அப்படியே வளைத்துப் பேசி, நீக்கப்படுகிறவரே இதைச் சுமந்துகொண்டு இவ்வளவு தூரம் வருவானேன் என்று கேட்டேன்.

"மெம்பருக்குப் போற கடுதாசி பூரா பிரசிடெண்டு வயியாத்தான போவுது" என்றார். "மத்தத எல்லாம் குடுத்துட்டு இத்த மட்டும் நானே வெச்சிக்கினா அது நாயமா?"

தாளைப் பார்த்தேன். எனக்கு மேலே எல்லாருடைய கையெழுத்தும், பக்கத்தில் ஆறு, ஏழு நாளுக்கு முந்தைய தேதிகளும் இருந்தன. நானும் அதையே போட்டுவிடட்டுமா, பார்க்க ஒழுங்காக இருக்குமே என்று கேட்டேன்.

"இன்னிக்குக் குடுத்தா இன்னிக்குத் தேதிதான் சின்னம்மா. அந்தத் தேதியப் போட்டா, இன்னிக்கு இந்த மயையில நடந்து வந்தவன் யாரு?"

அன்றைய தேதியைப் போட்டேன். கூட்டத்துக்கு இன்னும் மூன்றே நாள் இருந்தது. அந்த மூன்று நாளுக்கு என்ன அர்த்தம் என்று எனக்கும் தெரியாது, அவருக்கும் தெரியாது.

உள்ளே குழந்தை அழுதது. தாயும் பிள்ளையும் சுகமா என்று விசாரித்தார். பிறகு தன் பெண் பிறந்த கதையைச் சொல்லிச் சிரித்தார். கார்த்திகை மழையில் ஓடை கரைபுரண்டு போனபோது, வலியெடுத்த மனைவியைக் கட்டிலோடு நான்கு பேர் தூக்கித் தலைக்கு மேல் பிடித்துக்கொண்டு இறங்கினார்களாம். நட்ட நடு ஓடையில் குழந்தை பிறந்துவிட்டதாம். கட்டிலைத் தூக்கியிருந்த நான்கு பேருக்கும் அழுவதா சிரிப்பதா என்று தெரியவில்லையாம், கையை விடவும் முடியாதாம். அந்தப் பெண் இப்போது மூன்றாவது படிக்கிறதாம். இன்றைக்கும் தண்ணீரைக் கண்டால் ஓட்டம் பிடிக்குமாம்.

"கொயா ரெண்டும் வந்துட்டுது. அத்தப் பொதைச்சிட்டு நீக்கினாங்கன்னா நான் பாட்டுக்குப் போயிக்கினே இருப்பேன்" என்றார்.

மோர் கொடுக்கச் சொன்னேன். எந்தப் பாத்திரத்தில் கொடுப்பது என்று தங்கையின் மாமியார் உள்ளே யோசித்துக்கொண்டே நின்றதில், அவர் குடையை விரித்துக்கொண்டு கிளம்பிவிட்டார். எனக்கு அன்றைக்கு வந்த கோபத்தைத் துணிக்கூடையின் மேல்தான் காட்ட முடிந்தது.

வியாழக்கிழமை வந்தது. தாசில்தார் ஜீப்பில் வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். தலைவர் சுவரோரமாக நின்றார். அவர் நிற்கிறார் என்றதும் பெரிய தெரு மெம்பர்கள் எல்லாரும் வரிசையாக உள்ளே வந்து பெஞ்சில் உட்கார்ந்து, வருகைப் புத்தகத்தில் கையெழுத்துப் போட்டார்கள். அந்த அறை அவ்வளவு நிறைந்து அதுவரை நான் பார்த்ததில்லை. நீக்கலாம் என்கிறவர்கள் கையைத் தூக்குங்கள் என்றார் தாசில்தார். மாமனார் ஒரு தரம் இருமினார்.

நானும் தூக்கினேன். யாரும் என் கையைப் பிடித்துத் தூக்கவில்லை, நானேதான் தூக்கினேன். அறுபது வருஷம் கழித்து இதை மறைத்து எனக்கு என்ன ஆகப் போகிறது? வீட்டில் இருக்க வேண்டுமே என்ற பயம். மூன்று நாளைக்கு முன் சேற்றோடு வந்து நின்ற மனிதர் என் கையைப் பார்த்தார், பிறகு மேஜையைப் பார்த்தார். அன்று ராத்திரி எனக்குச் சோறு இறங்கவில்லை.

நீக்கல் உத்தரவு வந்தது. மாமனார் நாற்காலியில் உட்கார்ந்தார். முதல் கூட்டத்திலேயே குழாய்களைத் தன் வயல் பக்கம் உருட்டத் தீர்மானம் போட்டார். ஆனால் பெரிய தெருவின் இன்னொரு கட்சிக்காரர்களுக்கும் தங்கள் வயல் ஞாபகம் வந்துவிட்டது. சண்டையில் குழாய்கள் ஓடைக்கரையிலேயே கிடந்தன. ஒரு குழாய்க்குள் யார் வீட்டுக் கோழியோ அடைகாத்துக் குஞ்சும் பொரித்துவிட்டது.

தலைவர் சும்மா இருக்கவில்லை. ரோடு வேலையில் தனக்கு மேலே இருந்த இஞ்சினீயர் ஒருவரைத் தேடிப் பட்டணம் போனார். அவர் மூலமாக ஒரு வக்கீல் கிடைத்து, ஐகோர்ட்டில் ரிட் மனு போட்டார்கள். அரசாங்கத் தரப்பில், நோட்டீஸ்கள் பத்து நாள் முன்பே அனுப்பப்பட்டுவிட்டன என்று பதில் சொன்னார்கள். அனுப்பியது யாரிடம் என்று வக்கீல் கேட்டிருக்கிறார். என்னிடம்தான் என்று தலைவர் சொன்னதும் அந்த வக்கீல் நாற்காலியை விட்டு எழுந்து சிரித்தாராம். கையெழுத்துத் தாளில் என்ன தேதி இருக்கிறது என்று கேட்டபோது, எது உண்டோ அது என்றாராம் இவர்.

தாள் தாசில்தார் ஆபீஸ் கட்டில் பத்திரமாக இருந்தது. ஆனால் நோட்டீஸ் தாமதமாகக் கிடைத்த மெம்பரே சத்தியம் செய்து எழுதிக் கொடுத்தால் கேஸ் அசையாமல் நிற்கும் என்றார் வக்கீல். தலைவர் எங்கள் வீட்டு வாசலுக்கு வரவில்லை. வயலில் என் வீட்டுக்காரரைப் பார்த்து விஷயத்தைச் சொல்லியிருக்கிறார். அன்றைக்குச் சாப்பாட்டின் நடுவில் அவர், "தேதி கேக்கறாரு" என்றார். காலையில் பார்த்தால் மனுஷன் வண்டியைப் பூட்டி வாசலில் நிறுத்தியிருக்கிறார். அந்த நிமிஷம் எனக்கு அவர் மேல் வந்த ஆசை, கல்யாணத்தன்றுகூட வந்ததில்லை.

எங்கே கிளம்பிவிட்டீர்கள் என்று மாமனார் கேட்டார். நான் மறைக்கவில்லை.

"நோட்டீசு வாங்கின தேதிய வக்கீல் முன்னால சொல்லப் போறேன் மாமா."

"அவன நீக்கச் சொல்லி நீயுந்தான கைய தூக்கின?"

"தூக்கினதும் நெஜம் மாமா. தேதியும் நெஜம்."

உத்திரமேரூரில் ஒரு வக்கீல் முன்னால் சத்தியம் செய்து எழுதிக் கொடுத்துவிட்டு வந்தேன். அதன் பிறகு மாமனார் பல நாள் என்னோடு நேராகப் பேசவே இல்லை. சாப்பாடு ஆகிவிட்டதா என்று தொழுவத்தில் இருந்த பசுவைக் கேட்பார். நானும் ஆகிவிட்டது என்று பசுவிடமே சொல்வேன். வீட்டில் அந்தப் பசு ஒன்றுதான் இரண்டு கட்சிக்கும் பொதுவாக இருந்தது.

கேஸ் வருகிற நாள் தெரிந்ததும் நாங்களும் பட்டணம் கிளம்பினோம். சித்தி வீட்டுக்கு என்று சொல்லிக்கொண்டோம். வாலாஜாபாத்தில் ரயில் ஏறி, செங்கல்பட்டில் மாறிப் போய்ச் சேர்ந்தோம். ஐகோர்ட் கட்டிடத்தின் சிவப்பையும், வளைந்து வளைந்து போன தாழ்வாரங்களையும் பார்த்து எனக்கு வாயடைத்துப் போயிற்று. கறுப்பு அங்கிகள் குறுக்கும் நெடுக்கும் பறந்தன. எந்த அறை என்று கேட்டுக் கேட்டு நாங்கள் போய்ச் சேருவதற்குள் கேஸே முடிந்துவிட்டது.

தாழ்வாரத்தில் தலைவர் குடையை ஊன்றிக்கொண்டு நின்றிருந்தார். எல்லாம் இங்கிலீஷில் நடந்ததால் ஜெயித்தோமா தோற்றோமா என்று அவருக்கே தெரியவில்லை. கால் மணி நேரத்தில் இத்தனை மாதக் கவலை எங்கே போயிற்று என்று புரியாமல் முழித்துக்கொண்டிருந்தார். வக்கீல் வெளியே வந்து விளக்கினார். ஏழு முழு நாள் இல்லாமல் கூட்டின கூட்டம் செல்லாது, ஆகவே நீக்கல் உத்தரவும் செல்லாது, மற்ற விஷயத்துக்குள் தான் போகத் தேவையே இல்லை என்று ஜட்ஜ் சொல்லிவிட்டாராம். தலைவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"தாளப் பாத்தாங்களா சார்?"

பார்த்தார், இரண்டு முறை பார்த்தார் என்றார் வக்கீல். ஒரு கிராமத்துத் தாளில் ஒவ்வொரு கையெழுத்துக்கும் அதனதன் தேதி இருப்பதை இப்போதுதான் பார்க்கிறேன் என்று ஜட்ஜ் சொன்னாராம். தலைவர் தலையைக் குனிந்துகொண்டு வேட்டி நுனியால் கண்ணைத் துடைத்தார். எனக்கும் பொங்கிக்கொண்டு வந்தது. கையைத் தூக்கிய அன்றைக்கு இறங்காத சோறு அந்தத் தாழ்வாரத்தில்தான் இறங்கினது போல் இருந்தது.

வெளியே வந்ததும் எதிரே ஒரு காப்பி கிளப்பில் நுழைந்தோம். சலவைக்கல் மேஜை, சுற்றி நாலு நாற்காலி. நாங்கள் இரண்டு பேரும் உட்கார்ந்தோம். தலைவர் நின்றுகொண்டே, தான் அப்புறம் சாப்பிட்டுக்கொள்வதாகச் சொன்னார். என் வீட்டுக்காரர் காலியாக இருந்த நாற்காலியைக் காலால் நகர்த்தினார்.

"குந்துங்க" என்றார்.

எங்கள் வீட்டில் யாரும் அவரிடம் சொல்லாத 'ங்க' அது. ஊரில் உட்கார்ந்தால் ஊரே இரண்டாகும். பட்டணத்தில் எங்களை ஏறிட்டுப் பார்க்கக்கூட யாருக்கும் நேரமில்லை. மூன்று பேருக்கும் ஒரே மாதிரித் தட்டில் தோசை வந்தது, ஒரே மாதிரி டம்ளரில் காப்பி வந்தது. தங்கையின் மாமியார் அந்த மேஜையைப் பார்த்திருக்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டேன். நானும் அன்றிலிருந்து 'நீங்க' என்று சொல்லப் பழகிக்கொண்டேன். ஒரு தரம் சொல்லிவிட்டால் அப்புறம் ஒன்றும் கஷ்டமில்லை.

தலைவர் மறுபடியும் நாற்காலிக்கு வந்தார். மெம்பர்கள் மறுபடியும் மரத்தடிக்குப் போனார்கள். நான் மட்டும் உள்ளே போய்ப் பெஞ்சில் உட்கார்ந்து கையெழுத்துப் போட்டேன். எட்டு முழப் பெஞ்சில் ஒற்றை ஆளாக உட்காருவது வெட்கமாகத்தான் இருந்தது. காலனி மெம்பர் ஒருவர், தலைவர், நான். மூன்று கையெழுத்தில் தீர்மானம் செல்லாது. குழாய்கள் அப்படியே கிடந்தன. இன்னொரு மழைக்காலம் நெருங்கிக்கொண்டிருந்தது. இப்படி இரண்டு மாதம் போயிற்று.

அப்போதுதான் வக்கீல் கொடுத்தனுப்பியிருந்த சட்டப் புத்தகத்தில் ஒரு இடத்தைத் தலைவர் எனக்குக் காட்டினார். தொடர்ந்து மூன்று மாதம் கூட்டத்துக்கு வராத மெம்பரின் பதவி தானாகவே போய்விடும். வந்ததற்குச் சாட்சி வருகைப் புத்தகத்துக் கையெழுத்து. முன்பு மரத்தடியில் நின்றபோது இது யாருக்கும் தெரியாது; நடுவில் மாமனார் நடத்திய கூட்டங்களில் எல்லாரும் கையெழுத்துப் போட்டதால் கணக்கு இப்போது புதிதாக ஓடிக்கொண்டிருந்தது. வாயை மூடிக்கொண்டு இன்னும் ஒரு மாதம் இருங்கள், மரத்தடி முழுவதும் காலியாகிவிடும் என்று வக்கீலும் சொல்லியனுப்பியிருந்தார். எனக்குத் துள்ளிக் குதிக்கலாம் போல் இருந்தது. அதில் என் மாமனாரும் சேர்த்திதான், இருந்தாலும் துள்ளல் குறையவில்லை. பேசாமல் இருங்கள், போகட்டும் என்றேன்.

அவர் புத்தகத்தை மூடினார்.

"எனக்கு ஏயு நாள் குடுக்கலன்னுதான கோர்ட்டுக்குப் போனேன்? அவங்களுக்கு நான் சொல்லாம இருந்தா அது இன்னா நாயம்?"

அந்த மனிதர் மறுபடியும் குடையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டார். நீங்கள் இரண்டு கூட்டத்துக்கு வரவில்லை, மூன்றாவது கூட்டம் இன்ன நாள், அதற்கும் வராவிட்டால் மெம்பர் பதவி போய்விடும் என்று ஒவ்வொருவருக்கும் நோட்டீஸ். ஏழு முழு நாளுக்கு இரண்டு நாள் கூடவே இருந்தது. எங்கள் வீட்டு வாசலில் நின்று என் மாமனாரிடம் நீட்டி, கையெழுத்தும் தேதியும் கேட்டு வாங்கிக்கொண்டு போனார்.

மாமனார் அந்தக் காகிதத்தை இரண்டு நாள் மடியிலேயே வைத்துக்கொண்டிருந்தார். அப்புறம் பசுவை விட்டுவிட்டு நேராக என்னிடமே கேட்டார், இதில் எழுதியிருப்பது சட்டத்தில் உண்டா என்று. புத்தகத்தைக் கொண்டுவந்து காட்டினேன். விரலை வைத்து வரிவரியாகப் படித்தார். நம்மிடம் சொல்லாமல் இருந்திருந்தால் அவனுக்கு லாபம்தானே என்று கேட்டார். ஆமாம் மாமா, நானும் அதைத்தான் சொன்னேன் என்றேன். அவர் என்னை ஒரு முறை முறைத்தார். ஆனால் அது பழைய முறைப்பு இல்லை.

கூட்டத்தன்று நான் முன்னதாகவே போய்ப் பெஞ்சில் உட்கார்ந்துகொண்டேன். மரத்தடியில் எல்லாரும் கூடினார்கள். யார் முதலில் நுழைவது என்று ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு நின்றார்கள். தலைவர் நாற்காலியில் இருந்து எழவும் இல்லை, கூப்பிடவும் இல்லை. காகிதத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் என் மாமனார்தான் தலையைக் குனிந்து நிலையைத் தாண்டி உள்ளே வந்தார். பெஞ்சுக்குப் பக்கத்தில் வந்து கொஞ்சம் நின்றார்.

"தள்ளிக் குந்து" என்றார் என்னிடம்.

தள்ளி உட்கார்ந்தேன். அவர் உட்கார்ந்ததும் மற்றவர்கள் மடமடவென்று வந்து பெஞ்சுகளை நிரப்பிவிட்டார்கள். உட்கார்ந்த பிறகு அவர்களுக்குப் பேச்சு நிற்கவே இல்லை. பாலத்துக்குக் குழாயை எந்தப் பக்கம் சரித்துப் போடுவது, மண்ணை எங்கே வெட்டுவது, யார் வீட்டு வண்டி வரும் என்று ஆளுக்கு ஆள் யோசனை. தண்ணீர் எப்படிப் பாயும் என்பதில் மாமனாருக்கு மிஞ்சிய ஆள் கிடையாது. குழாயை ஒரு சாண் இறக்கிப் புதைக்காவிட்டால் முதல் வெள்ளத்திலேயே புரண்டுவிடும் என்று மேஜையில் விரலால் கோடு போட்டுத் தலைவருக்கே காட்டினார். தலைவர் எழுந்து குனிந்து பார்த்தார். பாலம் போடுவது என்று முடிவானபோது விளக்கு வைக்கிற நேரம் ஆகிவிட்டது. எங்கள் ஊரில் அவ்வளவு நீளமான கூட்டம் அதுதான் முதல்.

வருகைப் புத்தகம் கை மாறி மாமனாரிடம் வந்தது. கையெழுத்தைப் போட்டார். பேனாவைப் பிடித்துக்கொண்டே கொஞ்சம் தயங்கினார். வராமல் விட்ட இரண்டு கூட்டத்துக் கட்டங்கள் அவர் பெயருக்கு நேரே காலியாக இருந்தன. நிமிர்ந்து தலைவரைப் பார்த்தார்.

"எந்தத் தேதியப் போடட்டும் பிரசிடெண்டே?"

"இன்னிக்குத்தான அய்யா வந்தீங்க" என்றார் தலைவர். "இன்னிக்குத் தேதியவே போடுங்க."

போட்டார். ஐப்பசி மழைக்கு முன்னால் பாலமும் வந்துவிட்டது. முதல் வெள்ளம் வந்த அன்று, தண்ணீரைக் கண்டால் ஓடுகிற அந்தப் பெண் அதன் மேல் நின்று கீழே ஓடுகிற தண்ணீரை எட்டிப் பார்த்துக்கொண்டிருந்ததை நானே பார்த்தேன்.